பம்பாய் சகோதரிகள்

கருநாடக இசைவாணர் தம் பெயருக்கு முன்னே ஊர்ப்பெயரைத் தாங்குவது நெடுநாளைய வழக்கு. செம்பை வைத்தியநாத பாகவதரும் பாலக்காடு மணி ஐயரும் பாலக்காட்டுச் சீமையின் பெயரைப் பாரதமெங்கும் கொண்டு சென்றனர். தஞ்சைத் தரணியின் சூலமங்கலத்தை வீடுதோறும் அறியச் செய்தோர் ஜெயலட்சுமி, ராஜலட்சுமி என்னும் சகோதரியர். இவை பூர்விகத்தின் பெயர்கள். குடிபெயர்ந்து சென்ற நகரின் பெயரே இசைப்பெயராக நிலைத்தவர்கள் பம்பாய் சகோதரிகள்.

பாலக்காட்டுக் கணவாயைக் கடந்து மேற்கே சென்றால் வருவது திருச்சூர். அங்கே சிதம்பர ஐயர், முக்தாம்பாள் தம்பதியருக்கு 1936-இல் சரோஜாவும் 1938-இல் லலிதாவும் பிறந்தனர். வளர்ந்தது பம்பாயில். பாலக்காட்டு அக்கிரகாரங்களிலிருந்து இளைஞர் பலர் குமாஸ்தா வேலையும் சுருக்கெழுத்து வேலையும் நாடி அந்நகருக்கு ரயிலேறிய காலம் அது. அவர்கள் மிகுதியாகக் குடியேறிய மாதுங்காப் பகுதியில் பள்ளியும் கோயிலும் பஜனையும் உடன் வளர்ந்தன. ஷண்முகானந்த சபை 1952-இல் தோன்றிற்று. ஹரிகேசநல்லூர் முத்தையா பாகவதரின் சீடரான எச்.ஏ.எஸ். மணி சகோதரிகளுக்குப் பம்பாயிலேயே குருவாக வாய்த்தார். பின்னர்ச் சென்னையில் முசிரி சுப்பிரமணிய ஐயரிடமும், அவர் சீடர் டி.கே. கோவிந்த ராவிடமும் பயின்றனர்.

சேர்ந்து பாடும் சகோதரியர் மேல்நாட்டிலும் உண்டு. அமெரிக்காவின் ஆண்ட்ரூஸ் சகோதரிகள் மூவர் 1937-இல் பதிவான ஓர் இசைத்தட்டினால் பெரும்புகழ் எய்தினர். அவர்கள் முறையில் ஒருவர் மெட்டைப் பாட, மற்ற இருவரும் அதனோடு இசையும் வேறு ஸ்வரங்களை அதே கணத்தில் ஒலிப்பர். நம் இசையில் அதற்கு இடமில்லை. இராகம் ஒற்றை இழையாய் ஓடுவது. கமகத்தின் அசைவிலேதான் அதன் உயிர் இருக்கிறது. ஆகவே இருவர் பாடினும் ஒரே ஸ்வரத்தையே பாட வேண்டும். கேட்போர்க்கு எளிதாகத் தோன்றும் இது பாடுவோர்க்கு அரிது. தோடியின் காந்தாரத்தை ஒருவர் சற்று அகலமாக அசைத்துவிட்டாற் போதும், குறை வெளிப்பட்டுவிடும். மூச்சு வாங்கும் இடம், சாகித்தியத்தின் சொல்லைப் பிரிக்கும் இடம் யாவும் ஒன்றாதல் வேண்டும். கீர்த்தனத்துக்கேனும் ஒத்திகை உண்டு. ஆலாபனைக்கும் கற்பனை ஸ்வரத்துக்கும் அது செல்லாது. அங்கே முறை வைத்துப் பாடுவர். அக்காள் விட்ட இடத்திலிருந்து தங்கை எடுக்கையில் இராகத்தின் போக்கு அறுபடலாகாது. ஒரே வீட்டில் ஒரே குருவிடம் பாடம் கேட்ட பழக்கமே இதற்குக் கைகொடுக்கும். இணையாகப் பாடுவோருள் உடன்பிறந்தாரே மிகுதியாயிருத்தற்குக் காரணம் இதுவென்பது என் கருத்து.

சங்கீத நாடக அகாதமி விருது 2004-இலும், சென்னை மியூசிக் அகாதமியின் சங்கீத கலாநிதி விருது 2010-இலும், பத்மஸ்ரீ 2020-இலும் இருவருக்கும் சேர்த்தே அளிக்கப்பட்டன. இதற்கிடையில், 1995-இல், நகரின் பெயர் மும்பை என மாறிற்று; சகோதரிகளின் பெயர் மாறவில்லை.

லலிதா 2023 ஜனவரி 31-ஆம் நாள் காலமானார். இருவரும் சேர்ந்து பாடிய வடமொழி ஸ்தோத்திரங்களின் ஒலிநாடாக்கள் பல இல்லங்களில் விடியற்காலையில் ஒலித்தவை. அவற்றில் எது அக்காள் குரல், எது தங்கை குரல் எனப் பிரித்தறிவது பழகிய செவிக்கும் எளிதன்று.