மன்னார் வளைகுடாவின் அபலோன்: இந்த நத்தைக்கு எண்ணிக்கையை விட நெருக்கம் ஏன் முக்கியம்?

சிங்கப்பூரிலோ மலேசியாவிலோ வேலை பார்த்திருந்தால், சீனப் புத்தாண்டு நேரத்தில் சூப்பர் மார்க்கெட்டில் அபலோன் டப்பாக்கள் அடுக்கி வைத்திருப்பதைப் பார்த்திருப்பீர்கள். விலையைப் பார்த்துவிட்டு நகர்ந்தும் இருப்பீர்கள். அந்தக் கடல் நத்தையின் உறவுக்கார இனம் ஒன்று நம்ம மன்னார் வளைகுடாவிலும் வாழ்கிறது. அதன் அறிவியல் பெயர் ஹாலியோடிஸ் வேரியா. 1758-ல் லின்னேயஸ் வைத்த பெயர்.

எப்படி இருக்கும்?

நமக்குப் பழக்கமான சங்கு மணலில் வாழ்வது. அபலோன் பாறையில் ஒட்டி வாழ்வது. சங்கு போல உயரமாகச் சுருளாமல், இதன் ஓடு காது மடல் போலத் தட்டையாக இருக்கும். ஹாலியோடிஸ் என்ற கிரேக்கச் சொல்லுக்கே 'கடல் காது' என்றுதான் பொருள். மன்னார் வளைகுடா இனம் சிறியது, உள்ளங்கைக்குள் அடங்கிவிடும். பகலில் கல்லுக்கு அடியில் பதுங்கும். இரவில் வெளியே வந்து பாசி மேயும்.

ஓட்டில் ஓட்டைகள் எதற்கு?

ஓரத்தில் வரிசையாகச் சின்னத் துளைகள் இருக்கும். முன்பக்கமாக உள்ளே வரும் நீர் செவுளைக் கடந்து, கழிவையும் சேர்த்துக்கொண்டு இந்தத் துளைகள் வழியாக வெளியேறும். ஓடு வளர வளர முன்னால் புதுத் துளை உருவாகும், பின்னால் உள்ள பழையது அடைபட்டுவிடும்.

உள்பக்கம் வானவில் நிறத்தில் மின்னுவது முத்துப்பூச்சு. ஒரு மைக்ரான் தடிமன் கூட இல்லாத சுண்ணாம்புத் தகடுகளைப் புரதப் பசை செங்கல் சுவர் போல ஒட்டி வைத்திருக்கிறது. விரிசல் விழுந்தாலும் அது நேராக ஓட முடியாது. தகட்டுக்குத் தகடு வளைந்து போக வேண்டும். அதனால்தான் வெறும் சுண்ணாம்பை விட இந்த ஓடு பல மடங்கு உறுதி.

பிரச்னை எங்கே?

இனப்பெருக்கத்தில். அபலோன் இணை சேராது. ஆணும் பெண்ணும் விந்தையும் முட்டையையும் கடல் நீரில் விடும். இரண்டும் நீரிலேயே சந்திக்க வேண்டும். பக்கத்தில் துணை இல்லையென்றால் எல்லாம் கரைந்துபோகும். அபலோனோ மெதுவாக ஊரும் பிராணி, துணை தேடி வெகுதூரம் போகாது.

இப்போது ஒரு கணக்கு. ஒரே பாறையில் 100 அபலோன்கள் இருந்தால் அடுத்த தலைமுறை வரும். அதே 100-ம் பல கிலோமீட்டருக்குச் சிதறிக் கிடந்தால்? எண்ணிக்கை அதேதான், குஞ்சு மட்டும் வராது.

இது வெறும் கற்பனை இல்லை. கலிபோர்னியாவில் வெள்ளை அபலோன் பிடிப்பு 1970-களின் தொடக்கத்தில் உச்சம் தொட்டு, சில ஆண்டுகளிலேயே சரிந்தது. 1996-ல் தடை வந்தது. 2001-ல் அமெரிக்காவின் அழியும் உயிரினங்கள் பட்டியலில் சேர்ந்த முதல் முதுகெலும்பற்ற கடல் பிராணி இதுதான். பிடிப்பதை நிறுத்தியும் அது தானாக மீளவில்லை. மிஞ்சியவை ஒன்றுக்கொன்று அவ்வளவு தூரத்தில் இருந்தன. இப்போது ஆய்வகத்தில் வளர்த்துக் கடலில் விடுகிறார்கள்.

உலக நிலவரம் என்ன?

2022 டிசம்பரில் ஐயுசிஎன் சிவப்புப் பட்டியல் சொன்னது: 54 அபலோன் இனங்களில் 20 அழியும் அபாயத்தில் உள்ளன. அதாவது 37%. அளவுக்கு மீறிய பிடிப்பு, திருட்டு வேட்டை, நோய், கடல் வெப்பம் எல்லாம் காரணம். 2011-ல் வந்த ஒரே வெப்ப அலை, மேற்கு ஆஸ்திரேலியாவின் ரோ அபலோன் வாழும் வட எல்லையில் 99 சதவீதத்தைக் கொன்றது.

நம் கடலுக்கு இதில் என்ன பாடம்?

இங்கே அபலோனின் வீடு பவளக் கல். தூத்துக்குடிப் பக்கம் பல ஆண்டுகள் சுண்ணாம்புக்காகவும் கட்டுமானத்துக்காகவும் அந்தக் கல்லையே வெட்டி எடுத்தார்கள். 1986-ல் தேசியப் பூங்காவுக்குள் வந்த 21 தீவுகளில் பூவரசன்பட்டி, விலாங்குசல்லி இரண்டும் கடலுக்குள் போய்விட்டன. பவளங்களுக்கு வனவிலங்குச் சட்டத்தின் முதல் அட்டவணைப் பாதுகாப்பு கிடைத்தது 2001-ல்தான். அபலோனை யாரும் தொடாவிட்டாலும், கல் போனால் அவை சிதறும்.

நீங்கள் என்ன செய்யலாம்?

கடற்கரைப் பாறைப் பகுதிக்குப் போனால் கல்லைப் புரட்டாதீர்கள்; பவளத் துண்டை நினைவுப் பொருளாக எடுத்து வராதீர்கள், அது சட்டப்படி குற்றமும் கூட. வெளிநாட்டில் அபலோன் சாப்பிடுவதாக இருந்தால் 'பண்ணையில் வளர்த்ததா?' என்று ஒரு வார்த்தை கேளுங்கள். இன்று சந்தைக்கு வருவதில் பெரும்பகுதி பண்ணை அபலோன்தான். அதனால் கடலில் இருப்பதை விட்டுவைப்பது ஒன்றும் கஷ்டமில்லை.