தீர்ப்பின் இறுதித்தன்மையும் மீண்டும் தொடுக்கப்படும் மனுக்களும்

ஒரு வழக்கில் இறுதித் தீர்ப்பு வந்தபின், அதே தரப்பினர் அதே பிரச்சினையை மீண்டும் வழக்காடக் கூடாது என்பது பழைய சட்ட நெறி. இது முன்தீர்ப்புத் தடை எனப்படும். உரிமையியல் நடைமுறைச் சட்டம், 1908-இன் 11-ஆம் பிரிவு இதைக் கூறுகிறது. அப்பிரிவு குற்ற வழக்குகளுக்குரியது அன்று. எனினும் முடிந்த தீர்ப்பைத் திரும்பத் திரும்பத் திறக்கக் கூடாது என்ற கருத்து அங்கும் உண்டு. தண்டனை தூக்கு என்றால் இக்கருத்து கடும் சோதனைக்கு உள்ளாகும். ராஜீவ் காந்தி கொலை வழக்கு அதற்குச் சான்று.

வழக்கும் தீர்ப்பும்

1991 மே 21 அன்று ஸ்ரீபெரும்புதூரில் வெடித்த குண்டில் ராஜீவ் காந்தியுடன் பொதுமக்கள், காவலர்கள் எனப் பலரும் உயிரிழந்தனர். 1998 சனவரி 28 அன்று தடா நீதிமன்றம் 26 பேருக்கு மரண தண்டனை விதித்தது. தடா சட்டப்படி மேல்முறையீடு உயர் நீதிமன்றத்துக்குச் செல்லாமல் நேரே உச்ச நீதிமன்றத்துக்குச் சென்றது. அந்நீதிமன்றம் 1999 மே 11 அன்று 19 பேரை விடுவித்தது; மூவருக்கு ஆயுள் தண்டனை வழங்கியது; நளினி, முருகன், சாந்தன், பேரறிவாளன் ஆகிய நால்வரின் தூக்கை உறுதி செய்தது. அதே ஆண்டு சீராய்வு மனுவும் தள்ளுபடியானது. 2000-இல் நளினியின் தண்டனை ஆயுளாகக் குறைக்கப்பட்டது.

வேலூர்ச் சிறையில்

மற்ற மூவரும் கணியம்பாடிக்கு வடக்கே, தொரப்பாடியில் உள்ள வேலூர் மத்திய சிறையில் இருந்தனர். அவர்களது கருணை மனுக்கள் 11 ஆண்டுகளுக்குப் பின் 2011-இல் நிராகரிக்கப்பட்டன. செப்டம்பர் 9 தூக்கு நாளாகக் குறிக்கப்பட்டது. ஆகஸ்ட் 30 அன்று சென்னை உயர் நீதிமன்றம் அதற்குத் தடை விதித்தது. 2014 பிப்ரவரி 18 அன்று, கருணை மனுக்களை முடிவு செய்வதில் நேர்ந்த தாமதத்தைக் காரணம் காட்டி, உச்ச நீதிமன்றம் மூவரின் தண்டனையையும் ஆயுளாகக் குறைத்தது.

திறக்காத கதவு

இதற்கிடையே 2013-இல், பேரறிவாளனின் வாக்குமூலத்தைப் பதிவு செய்த ஓய்வுபெற்ற சி.பி.ஐ. அதிகாரி, தாம் வாங்கிக் கொடுத்த பேட்டரி எதற்கு என்று தெரியாது எனப் பேரறிவாளன் சொன்னதைத் தாம் எழுதாமல் விட்டதாக வெளிப்படையாகக் கூறினார். அதன் அடிப்படையில் 1999 தீர்ப்பைத் திரும்பப் பெறக் கோரிய மனுவை உச்ச நீதிமன்றம் 2018 மார்ச்சில் தள்ளுபடி செய்தது.

2022 மே 18 அன்று அரசியலமைப்பின் 142-ஆம் பிரிவைப் பயன்படுத்தி அதே நீதிமன்றம் பேரறிவாளனை விடுவித்தது. நவம்பர் 11 அன்று மீதி அறுவரும் விடுதலை பெற்றனர்.

வேறுபாடு

இரண்டு மனுக்களுக்கும் விடை ஏன் மாறியது? 2014-இலும் 2022-இலும் எழுந்த கேள்வி குற்றம் நடந்ததா என்பதன்று. தாமதம், அமைச்சரவைப் பரிந்துரை, ஆளுநரின் கடமை ஆகியவை தீர்ப்புக்குப் பின் தோன்றிய புதிய கேள்விகள். பழைய கேள்வியை எழுப்பிய 2018 மனு ஏற்கப்படவில்லை. எனவே விடுதலையைக் குற்றமற்றவர் என்ற தீர்ப்பாக மாணவர்கள் கொள்ளக் கூடாது. 1999-இன் குற்றத் தீர்ப்பு நீக்கப்படவில்லை. ஆனால் 2011-இல் தூக்கு நிறைவேறியிருந்தால், பின்னர் வந்த அதிகாரியின் கூற்றைக் கொண்டு வாதாட அவர் உயிருடன் இருந்திருக்க மாட்டார். தீர்ப்புக்கு முடிவு வேண்டும். திருத்த முடியாத தண்டனைக்கு அந்த முடிவு எப்போது வர வேண்டும் என்பதே இவ்வழக்கு விட்டுச்சென்ற கேள்வி.