மூட்டைப்பூச்சி ஏறிய மலைப்பாதை

படைகள் சென்ற வழியை வரலாற்று நூல்கள் வரைபடமிட்டுக் காட்டுகின்றன. பாய் சுருட்டிக்கொண்டு பிழைக்கப் போனவர்களின் வழியை அவ்வளவாகக் காட்டுவதில்லை. அவர்களோடு பயணித்த மூட்டைப்பூச்சியைப் பற்றிக் கேட்கவே வேண்டாம். இத்தனைக்கும் கதையுலகில் அதற்கு இடமுண்டு. பஞ்சதந்திரத்தில் அரசனின் மஞ்சத்துக்கு விருந்தாளியாக வந்து, அவசரப்பட்டுக் கடித்து, தான் தப்பி, இடம் கொடுத்த சீலைப்பேனைச் சாகக்கொடுத்த கதையை நாம் அறிவோம். அரசனுக்கே அந்தக் கதி!

போடிநாயக்கனூர் ஏலமலையின் வாயில். போடிமெட்டு வழியாகவும் குரங்கணி வழியாகவும் மலையேறியவர்கள் மூட்டை முடிச்சுகளுடன் ஏறினர். 1928இல் மதுரையிலிருந்து இருப்புப்பாதை வந்தபின் மலையடிவாரம் வரை வருவது எளிதாயிற்று. மலைத்தோட்டங்களில் அவர்களுக்கு வாய்த்த இருப்பிடம் லயம். ஒரு சுவரை இரு குடும்பங்கள் பகிரும் வரிசை அறைகள். 1951ஆம் ஆண்டின் தோட்டத் தொழிலாளர் சட்டம் குடியிருப்பு அமைத்துத் தருவதையும் அதைப் பராமரிப்பதையும் முதலாளியின் கடமையாக்கியது. சுவரில் விழும் ஒரு வெடிப்பும் இங்கே பெரிய செய்திதான். ஏன் என்று பார்ப்போம்.

மூட்டைப்பூச்சி பறக்காது, தாவாது. பேனைப்போல உடலில் குடியிருப்பதும் இல்லை. இரவில் வந்து சில நிமிடம் குருதி உறிஞ்சிவிட்டுக் கட்டிலின் மூட்டுக்கோ சுவர் வெடிப்புக்கோ திரும்பிவிடும். மூட்டையில் வருகிறது, மூட்டில் வாழ்கிறது; பெயர் இரண்டுக்கும் பொருந்துகிறது. உணவின்றிப் பல மாதங்கள் கிடக்கவும் வல்லது. ஆகவே லயத்தில் ஒரு வீட்டார் மட்டும் அதை ஒழித்துவிட முடியாது. அடுத்த அறையிலிருந்து மீண்டும் வந்துவிடும்.

அறிவியல் ஒரு காலத்தில் இப்பூச்சியைக் கொலைக்குற்றத்துக்கே ஆளாக்கப் பார்த்தது. 1907இல், கிண்டி கிங் நிலையத்தில் பணியாற்றிய பேட்டன் என்ற மருத்துவர், காலா அசார் காய்ச்சலின் ஒட்டுண்ணி மூட்டைப்பூச்சியின் வயிற்றில் வளர்வதைக் கண்டு, நோயைப் பரப்புவது இதுவே என்று கருதினார். குற்றவாளி மணல் ஈ என்பது 1942இல் அசாமில் நடந்த சோதனையில் உறுதியாயிற்று. மூட்டைப்பூச்சி மனிதருக்கு நோய் பரப்புவதாக இன்றுவரை நிறுவப்படவில்லை. அது திருடுவது உறக்கத்தை. விடியுமுன் எழுந்து தோட்டத்துக்குப் போகவேண்டியவருக்கு அது சிறிய இழப்பன்று.

இம்மலைகளின் உண்மையான எமன் மலேரியா. 1887 முதல் 1895 வரை பெரியாறு அணை கட்டியபோது பலரைக் காவு கொண்ட நோய்களுள் அதுவும் ஒன்று. 1953இல் தேசிய மலேரியாக் கட்டுப்பாட்டுத் திட்டம் தொடங்கி, வீட்டுச் சுவர்களில் டிடிடி தெளிக்கப்பட்டது. கொசுவுக்கு அடித்த மருந்தில் மூட்டைப்பூச்சியும் மடியக் கண்டு மக்கள் மகிழ்ந்தனர். ஆனால் அந்த நஞ்சைத் தாங்கும் மூட்டைப்பூச்சிகள் 1947இலேயே ஹவாய்த் தீவில் காணப்பட்டிருந்தன. இந்தியாவிலும் அதுவே நேர்ந்தது. பூச்சி சாகாத மருந்து எதற்கு என்று பல சிற்றூர்களில் தெளிப்போரை உள்ளே விட மறுத்தனர். அரசு கொசுவை எண்ணிற்று, மக்கள் மூட்டைப்பூச்சியை எண்ணினர். இந்த இடைவெளியில் மலேரியா ஒழிப்பும் தளர்ந்தது.

அடுத்து வந்தது கடையில் விற்ற நஞ்சு. டிக்-20 என்ற பெயர் வீடுதோறும் தெரிந்த பெயராயிற்று. நாளிதழ்களின் துயரச் செய்திகளிலும் அடிபட்டது. இன்று ஆபத்து வேறு வடிவில் நிற்கிறது. பூச்சிமருந்து மிகுதியாகத் தெளிக்கப்படும் பயிர்களுள் ஏலம் ஒன்று. இலைப்பேனுக்கும் தண்டுத் துளைப்பானுக்கும் வாங்கிய மருந்தில் மிச்சமிருப்பதைக் கட்டிலுக்கு அடிக்கலாமே என்று தோன்றுவது இயல்பு. காற்றோட்டமற்ற சிற்றறையில், குழந்தை உறங்கும் பாயில், அது செய்யத்தகாத செயல். உடலில் பூசுவது அதனினும் கொடிது. பூச்சி உடலில் இல்லாதபோது உடலுக்கு மருந்தெதற்கு? கடித்த இடத்தைச் சோப்பிட்டுக் கழுவிச் சொறியாதிருந்தால் பெரும்பாலும் தானே ஆறிவிடும். வீக்கம் மிகுந்தால் மருத்துவரைக் காணவேண்டும்.

பூச்சியை வெல்லும் வழியை நம் பாட்டிமார் அறிந்திருந்தனர். அது வெப்பம். ஐம்பது பாகைக்கு மேற்பட்ட சூட்டில் பூச்சியும் முட்டையும் பிழைப்பதில்லை. நஞ்சுக்குப் பழகியதுபோல் கொதிநீருக்கு அது பழகியதும் இல்லை. போடியின் சமவெளி வெயில் துணிமணிக்கு ஓரளவு உதவும். ஆயினும் பூச்சி நிழற்பக்கம் நகர்ந்து தப்பிவிடக்கூடும். தென்மேற்குப் பருவமழையில் நனையும் மேட்டுச் சரிவுகளில் அந்த வெயிலும் அரிது. அங்கே துணியைக் கொதிநீரில் அமிழ்த்துவதும், கட்டிலைக் கழற்றி மூட்டுமூட்டாகக் கொதிநீர் ஊற்றுவதுமே வழி. சுவர் வெடிப்புகளைப் பூசி அடைக்கவேண்டும். குஞ்சு பொரித்தவற்றுக்காகச் சில நாள் கழித்து மறுபடியும் செய்யவேண்டும்.

இவை யாவும் லயம் முழுவதும் ஒரே நாளில் நடந்தாலன்றிப் பயன் நிலைக்காது. கொதிநீரைக் குடும்பத்தார் ஊற்றலாம். வெடித்த சுவரைப் பூசித்தருவது தோட்ட உரிமையாளரின் கடமை.