மாலைதீவின் தேசிய கீதமும் நம்முடைய கௌஸ் மாஸ்டரும்



முஸ்லிம் நாடான மாலைதீவின் தேசிய கீதத்துக்கு இசையமைத்தவர் யார் என்று உங்கள் பிள்ளைகளிடம் கேட்டுப் பாருங்கள். அவர் நம் நாட்டுச் சிங்களவர், பண்டித் டபிள்யூ. டி. அமரதேவ. முன்பு அந்தக் கீதத்தை 'ஓல்ட் லாங் சைன்' என்ற ஸ்கொட்லாந்துப் பாட்டின் மெட்டில் பாடி வந்தார்கள். 1972ல் எலிசபெத் மகாராணி அங்கு வருவதற்கு முன் அமரதேவ புது மெட்டு அமைத்துக் கொடுத்தார்.

அந்த அமரதேவவுக்கு சினிமாவின் கதவைத் திறந்துவிட்டவர் ஒரு முஸ்லிம்.

முதல் சிங்களப் பேசும்படம் 'கடவுணு பொரொந்துவ' வந்தது 1947ல். அதே ஆண்டில் வந்த இரண்டாவது படம் 'அசோகமாலா'. துட்டகைமுனு மன்னரின் மகன் சாலிய குமாரனின் காதல் கதை அது. அதற்கு இசையமைத்தவர் முஹம்மது கௌஸ், எல்லோரும் சொல்லும் கௌஸ் மாஸ்டர். மொரட்டுவைப் பக்கத்து அல்பர்ட் பெரேரா என்ற, 20 வயதும் நிரம்பாத பையனைத் தன் குழுவின் முதன்மை வயலின்காரராக எடுத்தார். அந்தப் பையன்தான் பிறகு அமரதேவ ஆனார். சேலத்தில் பிறந்து இலங்கை வந்த மொஹிதீன் பேக்கும் அந்தப் படத்தில் பாடினார். வெசாக் காலத்தில் இன்றும் ஒலிபெருக்கிகளில் கேட்பது அவருடைய குரல்தான்.

அமரதேவ பின்னர் லக்னோவில் பாத்கண்டே கல்லூரியில் இசை படித்தார். இலங்கை வானொலி, சித்ரசேனவின் 'கரதிய' நாட்டிய நாடகம், 1963ல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் 'கம்பெரலிய' படம் என்று எல்லாவற்றுக்கும் இசை தந்தார். ஹிந்துஸ்தானி ராகத்தையும் நம் கிராமத்து நாட்டார் பாடலையும் சேர்த்தார். 2001ல் மக்சேசே விருது பெற்றார். 2016ல் காலமானார்.

இசை கூடுமா கூடாதா என்ற மார்க்க விடயத்தை உலமாக்களிடம் விட்டுவிடுவோம். நாம் பேசுவது வரலாறு.

2018 மார்ச்சில் திகன, அக்குறணைப் பக்கம் நம் கடைகளும் பள்ளிவாசல்களும் தாக்கப்பட்ட பிறகு, இந்த நாட்டில் நமக்கு என்ன இடம் என்று பிள்ளைகள் கேட்கிறார்கள். கண்டி மன்னர்களுக்கு மருத்துவம் பார்த்த முஸ்லிம் வைத்தியர்களைப் பற்றிச் சொல்கிறோம். அது சரிதான், ஆனால் பிள்ளைகளுக்கு அது வெகு தூரத்துக் கதை. கௌஸ் மாஸ்டர் நம் பாட்டன்மார் காலத்தவர். ஒரு முஸ்லிம் ஆசான் ஒரு சிங்களப் பையனின் திறமையைக் கண்டு இடம் கொடுத்தார். அந்தப் பையன் வளர்ந்து ஒரு முஸ்லிம் நாட்டுக்கே மெட்டுக் கொடுத்தார்.

இந்தப் பெயர்களை நம் பிள்ளைகளுக்கும் சொல்வோம், பக்கத்து வீட்டுச் சிங்களப் பிள்ளைகளுக்கும் சொல்வோம்.