சர்வகலாசாலையும் கோர்ட்டு அவமதிப்பும்

குருசுக்குப்பத்துக் கடற்கரை வெகு காலம் பிரெஞ்சுச் சட்டத்தின் கீழ் இருந்தது. சென்னை ஹைகோர்ட்டின் அதிகாரம் 1962 நவம்பரில்தான் புதுச்சேரிக்கு வந்தது. இங்கிலீஷ்காரர் வளர்த்த கோர்ட்டு அவமதிப்பு முறையும் கூடவே வந்தது. 1985-ல் சட்டம் பிறந்து, அதே கரையில் வடக்கே, காலாப்பட்டில் மத்திய சர்வகலாசாலை எழுந்தது.

சர்வகலாசாலையோடு வழக்காடி ஜயித்த ஆசிரியருக்குப் பல சமயம் கிடைப்பது, "மனுவைப் பரிசீலிக்கவும்" என்ற உத்தரவுதான். அவர்களும் சாவகாசமாகப் பரிசீலித்து, "முடியாது" என்று எழுதிவிடலாம். அவமதிப்பு என்று ஓடிப் பயனில்லை. உத்தரவுப்படி ஒரு முடிவு எடுத்தாயிற்றென்றால், அது சரியோ தப்போ, புது வழக்குத்தான் போடவேண்டும் என்று 1996-ல் சுப்ரீம் கோர்ட்டு சொல்லிவிட்டது. 1971-ம் வருஷச் சட்டம் வேறு ஒரு வருஷக் கெடு வைத்திருக்கிறது. உச்ச தண்டனை ஆறு மாத வெறுங்காவலும் 2,000 ரூபாய் அபராதமும். அபராதத்துக்காக எந்த ரிஜிஸ்திராரும் தூக்கம் கெடமாட்டார்! புது வழக்கு முடிவதற்குள் ஆசிரியருக்கு ஓய்வு பெறும் வயது வந்துவிடலாம்.