தேங்காய் என்றோர் இனிஷியல்

தேங்காய்க்கு இலக்கணத்திலேயே தனி மரியாதை. தெங்கோடு காய் சேர்ந்தால் முதலெழுத்து நீளும், கடைசி எழுத்து விழும் என்று இந்த ஒரு காய்க்காகவே நன்னூலில் பவணந்தியார் விதி எழுதி வைத்திருக்கிறார். அப்படிப் பிறந்த சொல், இருபதாம் நூற்றாண்டில் ஒரு மனிதரின் பெயருக்கு முன்னால் போய் உட்கார்ந்துகொண்டது.

வடசென்னைக்கு இது புதிதல்ல. காசிமேட்டில் வெறும் மூர்த்தியைத் தேடிப் போனால் பொழுது சாய்ந்துவிடும். ஐஸ் மூர்த்தியா, லாஞ்சு மூர்த்தியா என்று தெரிந்துகொண்டு போக வேண்டும். எண்ணூர், திருவொற்றியூர் ஆலைகளிலும் அதே கதைதான். வருகைப் பதிவேட்டில் இருப்பது ஒரு பெயர், கேன்டீனில் கூப்பிடுவது இன்னொன்று. அதை யாரும் தனக்குத் தானே வைத்துக்கொள்ள முடியாது, அடுத்தவர்தான் வைக்க வேண்டும்.

ஸ்ரீவைகுண்டத்தில் 1937ல் பிறந்து சென்னையில் வளர்ந்த சீனிவாசனும் தொழிற்சாலை ஆள்தான். ராயபுரத்துக்கு மேற்கே, பெரம்பூரில் 1955ல் தொடங்கிய ஐ.சி.எஃப். ரயில்பெட்டித் தொழிற்சாலையில் வேலை. வேலையோடு நாடகம். கே. கண்ணனின் 'கல் மணம்' நாடகத்தில் அவருக்குத் தேங்காய் வியாபாரி வேடம். பார்த்த கே. ஏ. தங்கவேலு, இனி இவரைத் தேங்காய் சீனிவாசன் என்றே அழைக்க வேண்டும் என்று மேடையில் அறிவித்துவிட்டார்.

அறிவித்தவரின் பெயரையும் கவனிக்க வேண்டும். 'சிங்காரி' (1951) படத்தில் மூச்சுக்கு மூச்சு 'டணால்' என்று சொன்னதால் டணால் தங்கவேலு ஆனவர் அவர். டணால் கையால் தேங்காய்க்குப் பட்டாபிஷேகம்! தமிழ் சினிமாவில் இந்தப் பரம்பரை பெரிது. 'மங்கையர்க்கரசி'யில் (1949), யாரையாவது காக்கா பிடித்து வேலை வாங்கச் சொன்னால் நிஜமாகவே காக்காய் பிடிக்கப் போனவர் காக்கா ராதாகிருஷ்ணன். காக்கா பிடிப்பது என்பது 'கால் கை பிடிப்பது' என்பதன் மரூஉ என்று சிலர் விளக்குவார்கள். எனக்கு அதில் நம்பிக்கை இல்லை, ரொம்பவும் வசதியாகப் பொருந்துகிறது. குலதெய்வம் ராஜகோபால், வெண்ணிற ஆடை மூர்த்தி ஆகியோருக்கு அடையாளம் தந்த படமே பெயரானது. லூஸ் மோகனுக்கு அது அப்பா லூஸ் ஆறுமுகத்தின் சொத்து. ஆங்கிலத்து 'லூஸ்' நம் ஊரில் மறை கழன்ற ஆளைக் குறிக்கப் போய், கடைசியில் குடும்பப் பெயராகவும் ஆகிவிட்டது.

மெக்சிகோவிலும் இந்த வழக்கம் இருந்தது. அங்கே பெர்னாண்டோ சோட்டோ என்ற நகைச்சுவை நடிகருக்கு 'மான்டெகியா', அதாவது வெண்ணெய், என்று பெயர். இன்னொருவர் மரியோ மொரேனோ, மேடைப்பெயர் 'கான்டின்ஃப்ளாஸ்'. 'அரௌண்ட் தி வேர்ல்ட் இன் எய்ட்டி டேஸ்' (1956) படத்தில் பணியாளாக வந்தவர் என்றால் பழைய ரசிகர்களுக்குத் தெரியும். நிறையப் பேசி ஒன்றும் சொல்லாமல் நழுவுவதற்கு அவர் பெயரிலிருந்தே ஒரு வினைச்சொல் பிறந்து, ஸ்பானிய அகராதியிலும் ஏறிவிட்டது. நம் ஆட்களில் யாருக்கும் அந்தப் பாக்கியம் வாய்க்கவில்லை.

வாய்த்திருந்தால் அது சீனிவாசனுக்குத்தான் சேர வேண்டும் என்பேன். 'காசேதான் கடவுளடா'வில் (1972) டீக்கடை அப்பாசாமி போலிச்சாமியாராக வருவார். சாமியார் பாஷைக்கு நடுவே மெட்ராஸ் பாஷை எட்டிப் பார்க்கும் அந்த இடங்களுக்காகவே படத்தை இன்றும் பார்க்கலாம். 'சபாஷ் மீனா'வில் (1958) ரிக்‌ஷாக்காரராக சந்திரபாபு அதே பாஷையைப் பேசி அசத்தியிருந்தார். சீனிவாசன் அதை வேடத்துக்குள் ஒளித்து வைத்து விளையாடினார். ராயபுரத்துக்காரன் கேட்டாலும் போலி என்று ஒதுக்க முடியாத பேச்சு அது. 'கலியுகக் கண்ணன்' (1974) படத்தின் நாயகனே அவர்தான். 'தில்லு முல்லு'வில் (1981) மீசையை நம்பி ஏமாறும் முதலாளி. இவற்றில் எதிலும் தேங்காய் வியாபாரத்துக்கு வேலையே இல்லை. ஆனாலும் பெயர் உதிரவில்லை.

1987 நவம்பரில், ஐம்பது வயதில், பெங்களூரில் அவர் காலமானார். நடிகை ஸ்ருதிகாவை இன்றும் 'தேங்காய் சீனிவாசன் பேத்தி' என்றுதான் எழுதுகிறார்கள். சீனிவாசன் பேத்தி என்று மட்டும் எழுதினால், எந்த சீனிவாசன் என்று அடுத்த கேள்வி வரும்.