பட்டணங்களின் ஏற்றமும் இறக்கமும்

தம் ஊரின் பெருமையைப் பேசப் புகுவோர், கோயிலின் பழமையையும் ஆண்ட மன்னரின் கீர்த்தியையுமே முதற்கண் எடுத்துரைப்பர். குடிக்கணக்கு உரைப்பதோ வேறொன்று. தமிழ்நாட்டுப் பட்டணங்களின் 1901ஆம் ஆண்டு ஜனத்தொகையை 2011ஆம் ஆண்டுத் தொகையோடு ஒப்பிட்டு நோக்குவார்க்கு இவ்வுண்மை தெற்றெனப் புலனாகும்.

1901இல் சென்னையில் 5,09,346 பேர் வசித்தனர். மதுரையும் திருச்சிராப்பள்ளியும் ஓர் இலட்சத்தைச் சிறிதே கடந்திருந்தன. கும்பகோணத்தில் 59,673 பேரும், தஞ்சையில் 57,870 பேரும், நாகப்பட்டினத்தில் 57,190 பேரும் இருந்தனர். அன்று கோயம்புத்தூரில் இருந்தோர் 53,080 பேரே. காவிரி பாயும் நாட்டின் மூன்று பட்டணங்களும் கொங்குநாட்டின் தலைமை நகரை விஞ்சி நின்றன என்க.

2011ஆம் ஆண்டுக் கணக்கில், சுற்றூர்களையும் சேர்த்து எண்ணிய பெருநகர்ப் பகுதிகளுள் பத்து இலட்சத்தைக் கடந்தவை நான்கு. சென்னை சுமார் 86 இலட்சம். கோவை 21 இலட்சம். மதுரை 14 இலட்சம். திருச்சி 10 இலட்சம். நாகப்பட்டினம் நகரமோ ஓர் இலட்சத்தளவில் நின்றது. கும்பகோணம் 1 இலட்சத்து 40 ஆயிரத்தளவிலும், தஞ்சை 2 இலட்சத்து 22 ஆயிரத்தளவிலும் அமைந்தன. சுற்றூர்களைச் சேர்த்தமையால் தோன்றிய வேற்றுமை இது எனக் கருதற்க. மாநகராட்சி எல்லைக்குட்பட்டாரை மட்டும் எண்ணினும் கோவை பத்து இலட்சத்தைக் கடந்ததேயாம்.

இம்மாறுதலுக்குக் காரணம் யாது? பிளேக் நோயால் அலைப்புண்டு, 1911இல் 47,007 பேராகக் குறைந்த ஊர் கோவை. ஆயினும் சூழவிருந்த கரிசல் நிலம் பருத்தியை விளைத்தது. 1888இல் நூல் ஆலை தோன்றியது. 1930ஐ ஒட்டிய ஆண்டுகளில் சிறுவாணி நீர் குழாய்வழி வந்து சேர்ந்தது. 1932இல் பைக்காரா மின்சாரம் பிறந்தது. விளைபொருளும், நீரும், மின்விசையும் ஒருங்கு கூடவே ஆலைகள் பல்கின. 1941இல் ஜனத்தொகை 1,30,348 ஆயிற்று.

நாகப்பட்டினத்தின் வரலாறு இதற்கு மறுதலை. பண்டு தொட்டுக் கடல் வாணிகத்தில் சிறந்த அத்துறைமுகத்தில் தென்னிந்திய ரயில்வேயின் பெரிய தொழிற்சாலையும் இருந்தது. 1928ஐ ஒட்டி அது திருச்சிக்கு அருகிலுள்ள பொன்மலைக்கு மாற்றப்பட்டது. தொழில் பெயரின் தொழிலாளர் குடும்பமும் பெயரும். அவர்க்கு அரிசியும் துணியும் விற்ற வணிகரும் பெயர்வர். ஓர் ஊரின் நஷ்டம் மற்றோர் ஊரின் லாபமாயிற்று.

எனவே ஓர் ஊரை வளர்ப்பது முன்னோர் புகழ் மட்டுமன்று. இளைஞர்க்கு அவ்வூர் அளிக்கும் பிழைப்பேயாகும். பழைய ஊர்களில் பூட்டிய வீடுகளைக் கண்டு வருந்துவோர் இதனை உணர்தல் வேண்டும். மக்கள் ஊரை வெறுத்து நீங்கினாரல்லர். வயிற்றின் பொருட்டே நீங்கினர்.

எனினும் தொகைப் பெருக்கமே நல்வாழ்வு என மயங்குதலும் கூடாது. கொங்குநாட்டுத் தொழிற் பெருக்கத்தால் நொய்யல் ஆறு சாயக்கழிவு சுமந்து கெட்டதை நாம் அறிவோம். பெருகிய பட்டணம் தன் நீரைக் காத்தல் வேண்டும். தேய்ந்த பட்டணம் புதுத்தொழிலை நாடுதல் வேண்டும். இவ்விரண்டையும் ஆராய்ந்து செய்வதே அறிவுடையார் கடனாகும்.